உயர் நீதிமன்றம் கெடு விதித்தும் விசாரணை நகரவில்லை: அடுத்து எந்தக் கதவைத் தட்டுவது?

நொய்யல்கரை (திருப்பூர்)

வணக்கம். எங்களுடையது சிறிய தையல் யூனிட். வெளியார் கொடுக்கும் துணியில் பனியன் தைத்துக் கொடுக்கிற ஜாப் ஒர்க். 2022-ல் ஏற்றுமதி இடைத்தரகர் ஒருவருடன் ஒப்பந்தம். கூலியில் பாதியைப் பிடித்துவைத்துக்கொண்டு, எங்கள் செலவில் வாங்கிய துணியையும் சேர்த்துச் சரக்கை ஏற்றிச் சென்றவர், பிறகு சொன்ன முகவரியில் இல்லை. பக்கத்து யூனிட்டுகளில் விசாரித்தால் அங்கும் இதே கைவரிசை.

காவல் நிலையத்தில் "இது சிவில் விவகாரம்" என்று சொல்லி மனு ரசீது மட்டும் கொடுத்தார்கள். நடுவர் நீதிமன்றத்தில், வழக்குப் பதிந்து விசாரிக்கக் காவல் துறைக்கு உத்தரவிடக் கோரும் 156(3) மனுப் போட்ட பிறகே நம்பிக்கை மோசடி, ஏமாற்றுதல் என்று 406, 420 பிரிவுகளில் முதல் தகவல் அறிக்கை பதிவானது. அதோடு சரி. ஆய்வாளர்கள் மாறுகிறார்கள். புதிதாக வருபவரிடம் முதலிலிருந்து கதை சொல்கிறோம், அவரும் "பார்க்கலாம்" என்கிறார்.

கடைசியில் சென்னை உயர் நீதிமன்றம் போனோம். மூன்று மாதங்களுக்குள் விசாரணையை முடித்து இறுதி அறிக்கை தாக்கல் செய்ய வேண்டும் என்று உத்தரவு வந்தது. கெடு போன மாதத்தோடு முடிந்துவிட்டது. அவமதிப்பு வழக்குப் போடு என்கிறார் பங்காளி. தலை முழுகிவிட்டுத் தொழிலைப் பார் என்கிறார் ஆடிட்டர். சட்டம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

நெறியாளர்

பதில் எழுதுபவர்கள் காவல் நிலையத்தின் பெயர், அதிகாரிகளின் பெயர், வழக்கு எண் எதையும் குறிப்பிட வேண்டாம். போன இழையில் பட்ட பாடு போதும்.

லாரிப்பட்டறை (நாமக்கல்)

கெடு தாண்டினால் எங்களுக்கு எஃப்.சி. (தகுதிச் சான்று) முடிந்த வண்டி மாதிரி, செக்போஸ்ட்டிலேயே ஓரங்கட்டி அபராதம் போட்டுவிடுவார்கள். அவர்களுக்கு மட்டும் கெடு தாண்டினால் இன்னொரு கெடு.

கறுப்பு அங்கி (ஈரோடு)

நொய்யல்கரை அண்ணா, அவமதிப்பு மனுவுக்கு வழி இருக்கிறது. 1971-ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின்படி மீறல் நடந்து ஓராண்டுக்குள் அதைத் தொடுத்துவிட வேண்டும். ஆனால் போடுவதற்கு முன் உங்களுக்கு என்ன வேண்டும் என்று முடிவு செய்துகொள்ளுங்கள். அவமதிப்பு நோட்டீஸ் போனதும் காவல் நிலையத்தில் கட்டாயம் ஓர் அசைவு இருக்கும். இறுதி அறிக்கையும் தாக்கலாகும். அது குற்றப்பத்திரிகையாகத்தான் இருக்கும் என்று யாரும் உத்தரவாதம் தர முடியாது. "விசாரணையை முடித்து இறுதி அறிக்கை" என்றுதான் உத்தரவு சொல்கிறது. சிவில் தன்மை கொண்டது, மேல்நடவடிக்கை கைவிடப்பட்டது என்று எழுதிக் கொடுத்தாலும் சட்டத்தின் கண்ணில் அது இறுதி அறிக்கைதான். உத்தரவு நிறைவேறிவிட்டது என்று பதிவு செய்து அவமதிப்பு வழக்கை முடித்துவிடுவார்கள்.

என் அனுபவத்தில் கெடு என்பது வேறு, கண்காணிப்பு என்பது வேறு. கெடு விதிக்கும் நீதிமன்றம் கோப்பைத் திறந்து பார்ப்பதில்லை. கண்காணிக்கும் நீதிமன்றம் போன வாய்தாவுக்கும் இந்த வாய்தாவுக்கும் இடையில் என்ன செய்தீர்கள் என்று கேட்கும். உங்களுக்குத் தேவை இரண்டாவது வகை. அதற்குச் சென்னைக்கு ரயில் ஏற வேண்டியதே இல்லை.

2007-ல் சகிரி வாசு வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. மதுரா ரயில் நிலையத்தில் இறந்து கிடந்த ராணுவ மேஜர் ஒருவரின் தந்தை, சிபிஐ விசாரணை கேட்டுப் போட்ட வழக்கு அது. சிபிஐ கிடைக்கவில்லை. ஆனால் தீர்ப்பில் ஒரு பெரிய வாசல் திறந்தது. முதல் தகவல் அறிக்கை பதியச் சொல்வது மட்டும் 156(3) அல்ல. பதிந்த பிறகு விசாரணை முறையாக நடக்கிறதா என்று கண்காணிக்கும் அதிகாரமும் அதற்குள்ளேயே அடங்கியிருக்கிறது, ஆகவே எடுத்ததற்கெல்லாம் உயர் நீதிமன்றத்திற்கு ஓடாமல் நடுவரிடம் போங்கள் என்றது உச்ச நீதிமன்றம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்திற்குப் பதிலாக வந்த புதிய சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் இந்தப் பிரிவு 175(3) ஆகியிருக்கிறது. 2024 ஜூலை 1-இல் நிலுவையில் இருந்த விசாரணைகள் பழைய சட்டப்படியே தொடரும் என்பதால் உங்களுக்கு 156(3) தான்.

சென்னிமலைத் தறி

வக்கீல் அம்மணி சொல்வது புத்தகத்தில் நன்றாகத்தான் இருக்கிறது. நடைமுறையில் நடுவர் மனுவை வாங்குவார், "காவல் துறை பதிலளிக்க" என்று எழுதுவார், ஒரு வாய்தா. கோர்ட் ஏட்டு கால அவகாசம் கேட்பார், இன்னொரு வாய்தா. ஆய்வாளர் பந்தோபஸ்துக்குப் போய்விட்டார் என்று மூன்றாவது. இதற்கு நடுவே யூனிட்டைப் பூட்டிவிட்டு நீதிமன்ற வராந்தாவில் நிற்பது யார்? சரக்கை எடுத்துக்கொண்டு ஓடியவனா?

முன்னாள் காக்கி (கோபி)

சார்பு ஆய்வாளராக ஓய்வு பெற்றவன். எதற்கெடுத்தாலும் காவல் துறையை வைவதாக இழை போகும் முன் ஒரு வார்த்தை.

காவல் நிலையம் எப்படி ஓடுகிறது என்று வெளியே இருப்பவர்களுக்குத் தெரிவதில்லை. தைப்பூசம் வந்தால் பழனி பாதயாத்திரைக்கு வழிநெடுகப் பாதுகாப்பு. ஆடிப்பெருக்கு என்றால் பவானி கூடுதுறை. நடுவே அமைச்சர் வருகை, மறியல், ஊர்த் தேர், தேர்தல். கையில் மோசடிக் கோப்பு வைத்திருப்பவர் இதற்கெல்லாம் போய் நின்றாக வேண்டும். விசாரணையையும் சட்டம் ஒழுங்கையும் பிரிக்க வேண்டும் என்று 2006-ல் பிரகாஷ் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. மாநகரங்களில் குற்றப்பிரிவு தனியாக இருக்கிறது. கிராமத்து நிலையங்களில் இரண்டும் ஒரே தோளில்தான்.

அதிலும் மோசடி வழக்கென்றால் அடியில் போய்விடும். கொலை, போக்சோ, சாலை விபத்து என்று உடனடியாகப் பார்க்க வேண்டியவை மேலே வந்துகொண்டே இருக்கும். வங்கிக்குக் கடிதம் எழுதினால் பதில் வர மாதமாகும். ஜி.எஸ்.டி. விவரம் கேட்டால் வேறு அலுவலகத்தைக் காட்டுவார்கள். இத்தனைக்கும் நடுவே நடுவர் நிலை அறிக்கை கேட்டால், உள்ளபடியே சொல்கிறேன், அந்தக் கோப்பு அடியிலிருந்து மேலே வந்துவிடும். ஆகவே வக்கீல் சொல்வது பலிக்காது என்று தறிக்காரர் ஒரேயடியாகத் தள்ளிவிட வேண்டாம்.

சென்னிமலைத் தறி

ஐயா, பந்தோபஸ்து உண்மைதான். ஆனால் "பேசி முடித்துக்கொள்ளுங்கள், பாதியாவது கைக்கு வரும்" என்று நிலையத்திலேயே பஞ்சாயத்து நடப்பதற்கும் தைப்பூசத்திற்கும் என்ன தொடர்பு? தாமதமே ஒரு தொழிலாக நடக்கிற இடங்கள் இருக்கின்றன.

முன்னாள் காக்கி (கோபி)

இல்லை என்று சொல்லமாட்டேன். எல்லா இடத்திலும் என்று நீங்களும் சொல்ல வேண்டாம்.

சட்ட மாணவி (கோவை)

எனக்கு ஓர் ஐயம். நீதிமன்றம் இவ்வளவு தூரம் உள்ளே வரலாமா? 1944-லேயே, அன்றைய உச்ச மேல்முறையீட்டு மன்றமான பிரிவி கவுன்சில் காஜா நசீர் அகமது வழக்கில், விசாரணை காவல் துறையின் களம், குற்றச்சாட்டு வந்த பிறகுதான் நீதிமன்றத்தின் வேலை தொடங்குகிறது என்று சொல்லியிருக்கிறது. 1967-ல் அபிநந்தன் ஜா வழக்கில், குற்றப்பத்திரிகை தாக்கல் செய் என்று நடுவர் காவல் துறைக்கு உத்தரவிட முடியாது என்று உச்ச நீதிமன்றமும் சொன்னது. 2025 டிசம்பரில் அலகாபாத் உயர் நீதிமன்றம் விதித்த 90 நாள் கெடு உச்ச நீதிமன்றத்தில் நிற்கவில்லை. தேக்கம் கண்ணுக்குத் தெரிந்த பிறகு விதிக்க வேண்டியதுதான் கெடு, தொடக்கத்திலேயே முன்கூட்டி விதிப்பதல்ல என்பதே அங்கே சொல்லப்பட்ட காரணம். அப்படியிருக்க, நடுவர் உட்கார்ந்து "இந்தச் சாட்சியைக் கூப்பிடு, அந்தக் கணக்கை வாங்கு" என்றால், விசாரிப்பவரும் அவரே, தீர்ப்பளிப்பவரும் அவரே என்று ஆகிவிடாதா? எதிர்த்தரப்புக்கும் நியாயம் வேண்டும் அல்லவா?

கறுப்பு அங்கி (ஈரோடு)

நல்ல கேள்வி, அம்மணி. நீங்கள் சொன்ன மூன்றையும் மறுக்கவில்லை. கைது செய், இன்னார் பெயரைச் சேர் என்றெல்லாம் நடுவர் சொல்லக் கூடாது. ஆனால் காஜா நசீர் அகமது வழக்கு, நடந்துகொண்டிருக்கும் விசாரணையில் குறுக்கிடுவதைப் பற்றியது. நடக்காத விசாரணைக்குள் எப்படிக் குறுக்கிட முடியும்? வங்கிக் கணக்கு விவரம் கேட்டீர்களா, கேட்டிருந்தால் என்று கேட்டீர்கள், கேட்கவில்லை என்றால் ஏன் என்பது கணக்குக் கேட்பது. அதில் தீர்ப்பு எதுவும் இல்லை. 1979-ல் ஹுசைனாரா காத்தூன் வழக்கில் விரைவான நீதி அடிப்படை உரிமை என்றார்கள். 1991-ல் அந்துலே வழக்கில் அந்த உரிமை புலன் விசாரணைக் கட்டத்திற்கும் பொருந்தும் என்றார்கள். அது குற்றம் சாட்டப்பட்டவரின் உரிமையாகத்தான் பேசப்பட்டது. இழுத்தடிப்பு அவரையும் வதைக்கிறது என்பதை நம் ஊரில் யாரும் நினைத்துப் பார்ப்பதில்லை. பொய்ப் புகாரில் பெயர் சேர்க்கப்பட்டு, முடிவு தெரியாமல், பாஸ்போர்ட் புதுப்பிக்க முடியாமல் திண்டாடும் பையன்களை வாராவாரம் பார்க்கிறேன்.

2025 டிசம்பர் தீர்ப்பு நொய்யல்கரை அண்ணாவுக்கு எதிரானதல்ல. அவர் வழக்கில் தேக்கம் கண்முன்னே கிடக்கிறது.

தோட்டத்துச் சாளை (காங்கயம்)

நான் பெண். இங்கே எழுதலாமா என்று தயங்கித்தான் எழுதுகிறேன். எங்கள் வழக்கு பண மோசடி அல்ல. தோட்டத்துச் சாளையில் அப்பாவும் அம்மாவும் மட்டும் இருந்தார்கள். கூப்பிடு தூரத்தில் வேறு வீடு கிடையாது. இரவில் நுழைந்தவர்கள் அப்பாவின் தலையில் அடித்துவிட்டு, அம்மாவின் தாலிக்கொடியையும் வளையலையும் கழற்றிச் சென்றார்கள். அப்பா பிழைத்தார், பேச்சு மட்டும் இன்னும் குழறுகிறது. முதல் வாரம் மோப்ப நாய், கைரேகை நிபுணர் எல்லாம் வந்தார்கள். பிறகு யாரும் வரவில்லை. கேட்டால் "விசாரணை நடந்துகொண்டிருக்கிறது" என்ற ஒரே பதில்.

2024 நவம்பரில் பல்லடம் அருகே ஒரே குடும்பத்தில் மூவரைத் தோட்டத்து வீட்டில் கொன்றது எல்லோருக்கும் தெரியும். மாதக்கணக்கில் ஆள் அகப்படவில்லை, சிபிசிஐடிக்கும் போனது. 2025 மே தொடக்கத்தில் ஈரோடு மாவட்டம் சிவகிரி பக்கம் இதே மாதிரி தோட்டத்து வீட்டில் வயதான தம்பதி கொல்லப்பட்டுக் கிடந்தது தெரியவந்தது. அந்த மாதமே சிலரைப் பிடித்தார்கள். பல்லடத்திலும் இவர்கள்தான் என்று காவல் துறையே அறிவித்தது. அந்தச் செய்தியைப் படித்த அன்று அம்மா சமைக்கவில்லை. முதல் வழக்கிலேயே பிடித்திருந்தால் என்றுதான் எங்கள் பக்கத்தில் எல்லோரும் பேசினார்கள். நீதிமன்றம் கேட்டிருந்தால் முன்பே பிடித்திருப்பார்களா என்று எனக்குத் தெரியாது. எங்கள் வழக்கில் யாராவது கேட்க வேண்டும் என்று மட்டும் தோன்றுகிறது.

முன்னாள் காக்கி (கோபி)

அம்மணி, மனசு கனக்கிறது. உங்களுக்கு ஒன்று சொல்கிறேன், தேதி முக்கியம் என்பதால். அலைபேசி நிறுவனங்கள் அழைப்பு விவரங்களை இரண்டு ஆண்டுகள்தான் கட்டாயமாக வைத்திருக்க வேண்டும். 2021 டிசம்பருக்கு முன் ஓராண்டுதான் இருந்தது. சம்பவ இரவில் உங்கள் பகுதி கோபுரத்தில் பதிவான எண்கள் அந்தக் காலத்திற்குள் வாங்கப்பட்டிருந்தால்தான் உண்டு. கண்காணிப்புக் கேமரா இன்னும் மோசம். பெட்ரோல் பங்க், பால் சொசைட்டி, அரிசி ஆலை எங்கே இருந்தாலும் சில வாரங்களில் பழைய பதிவின் மேலேயே புதியது பதிவாகிவிடும். நடுவரிடம் போனால் இந்த இரண்டையும் பெயர் சொல்லிக் கேளுங்கள்: கோபுர விவரம் எந்தத் தேதியில் கேட்கப்பட்டது, எந்தக் கேமராக்களின் பதிவுகள் கைப்பற்றப்பட்டன. இரண்டு ஆண்டு தாண்டவில்லை என்றால் நாளைக்கே போங்கள்.

தோட்டத்துச் சாளை (காங்கயம்)

இரண்டு ஆண்டு இன்னும் ஆகவில்லை, ஐயா. நன்றி.

சென்னிமலைத் தறி

பணமோசடி என்றதும் பாசி வழக்கு நினைவுக்கு வருகிறது. திருப்பூரில் 2009-ல் வெடித்தது. அந்நியச் செலாவணியில் முதலீடு என்று சொல்லி 900 கோடிக்கு மேல் சுருட்டிய நிறுவனம். உள்ளூர் விசாரணையில் நம்பிக்கை போய் 2011-ல் உயர் நீதிமன்றம் சிபிஐக்கு மாற்றியது. 2022 ஆகஸ்டில் கோவையில் முதலீட்டாளர் நலன் காக்கும் வழக்குகளுக்கான டான்பிட் நீதிமன்றம் இயக்குநர்கள் இருவருக்குத் தலா 27 ஆண்டு சிறைத் தண்டனையும் 171 கோடிக்கு மேல் அபராதமும் விதித்தது. சிபிஐக்கு மாறிய பிறகும் பதினோரு ஆண்டு. உயர் நீதிமன்றமே தலையிட்ட வழக்கின் வேகம் இது. தண்டனை கிடைத்தது, சரி. போட்ட பணத்தை நம்பி மகள் கல்யாணத்தைத் தள்ளிவைத்தவர்கள் என் தெருவிலேயே உண்டு. அவர்களிடம் போய் நீதிமன்றக் கண்காணிப்பைப் பற்றிப் பேசிப் பாருங்கள்.

சட்ட மாணவி (கோவை)

அதே கோவையில் பொள்ளாச்சி பாலியல் வழக்கையும் பாருங்கள், ஐயா. 2019-ல் வெளியே வந்தது. சிபிசிஐடி, பிறகு சிபிஐ. 2025 மே 13 அன்று ஒன்பது பேருக்கும் சாகும்வரை ஆயுள் தண்டனை. ஆறு ஆண்டு என்பது குறைவில்லை, ஆனால் வழக்கு நீர்த்துப்போகவில்லை. கைமாற்றம், காலதாமதம் இரண்டையும் ஒரே தராசில் வைக்க வேண்டாம்.

காவிரி மறுகரை (வேலாயுதம்பாளையம்)

நடுவில் ஒரு வயிற்றெரிச்சல். நான் காவிரியின் இந்தக் கரை, கரூர் மாவட்டம். பாலம் தாண்டினால் பரமத்தி வேலூர், நாமக்கல் மாவட்டம். அக்கரையில் இருக்கும் என் மைத்துனருக்கு உயர் நீதிமன்றம் என்றால் சென்னை, எனக்கு மதுரைக் கிளை. பெண் கொடுக்கிறோம், எடுக்கிறோம், நோம்பிக்கு ஒரே கோயில். வழக்கென்று வந்தால் ஆளுக்கொரு திசை. கோவையில் ஒரு கிளை வேண்டும் என்று வழக்கறிஞர்கள் எவ்வளவு காலமாகக் கேட்கிறார்கள்? வக்கீல் சொன்ன மாதிரி நடுவர் நீதிமன்றத்திலேயே வேலை முடிந்தால் எங்களைப் போன்றவர்களுக்குப் பெரிய மிச்சம்.

லாரிப்பட்டறை (நாமக்கல்)

மைத்துனரும் நீங்களும் ஒருவர் மேல் ஒருவர் வழக்குப் போடாதவரை பிரச்சினை இல்லை.

நொய்யல்கரை (திருப்பூர்)

எல்லோருக்கும் நன்றி. சில வாரமாக எழுத முடியவில்லை. நடந்ததைச் சொல்கிறேன்.

வழக்கறிஞரிடம் பேசி, அவமதிப்பு மனுவை இப்போதைக்கு நிறுத்திவைத்து நடுவர் நீதிமன்றத்தில் மனுப் போட்டோம். "விசாரணையை முடிக்க உத்தரவிடுக" என்று ஒரு வரிகூட அதில் இல்லை. எந்த வங்கியில் எந்தக் கணக்கில் பணம் போட்டோம், எந்த வாகன எண்ணில் சரக்கு ஏறியது, டெலிவரி சலான்களில் யார் கையெழுத்து, இதே ஆளிடம் ஏமாந்த மற்ற யூனிட்காரர்கள் யார் என்று வரிசையாக எழுதி, ஒவ்வொன்றின் மீதும் என்ன நடவடிக்கை எடுக்கப்பட்டது என்பதற்கு நிலை அறிக்கை கேட்டோம்.

முதல் வாய்தாவில் தறிக்காரர் சொன்னபடியே அவகாசம் கேட்டார்கள். அடுத்த வாய்தாவில் ஆய்வாளரே வந்தார். நிலை அறிக்கை ஒரே பக்கம். வாதியை விசாரித்தோம், எதிரி தலைமறைவாக இருக்கிறார், தேடி வருகிறோம், விசாரணை நிலுவையில் உள்ளது. அவ்வளவுதான். நடுவர் அதை ஓரமாக வைத்துவிட்டு வழக்கு நாட்குறிப்பைக் கேட்டார். சிவப்பு நாடா கட்டிய மெல்லிய கட்டு. அதைப் பார்க்க எங்களுக்கு உரிமை கிடையாதாம், தள்ளியே நின்றோம். நடுவர் கடைசியிலிருந்து பின்னோக்கிப் புரட்டினார். "கடைசிப் பதிவு என்ன தேதி?" என்றார். ஆய்வாளர் தேதி சொன்னார். அது உயர் நீதிமன்ற உத்தரவுக்கும் முந்தைய தேதி. "அதற்குப் பிறகு?" என்றார். பதில் இல்லை. அவர் குரலை உயர்த்தவே இல்லை. வங்கிக்குக் கடிதம் எழுதியதற்கான நகலோடு அடுத்த வாய்தாவுக்கு வாருங்கள், மற்ற புகார்தாரர்களின் வாக்குமூலமும் அதற்குள் பதிவாகியிருக்க வேண்டும் என்று எழுதி, மூன்று வாரம் தள்ளிவைத்தார்.

மறுநாளே ஒரு காவலர் யூனிட்டுக்கு வந்து சலான் நகல்களை வாங்கிச் சென்றார். ஆள் அகப்படுவாரா, பணம் வருமா என்று தெரியாது. முதல் முறையாக யாரோ அந்தச் சலான்களைப் படித்தார்கள்.

சென்னிமலைத் தறி

நல்லது நடந்தால் மகிழ்ச்சிதான். நடுவர் மாற்றலாகிப் போனால் என்ன ஆகும் என்பதையும் யோசித்து வையுங்கள். ஆய்வாளர் மட்டுமா மாறுகிறார்?

கறுப்பு அங்கி (ஈரோடு)

அதனால்தான் மனுவில் எழுதிக் கேட்டது நல்லது என்கிறேன். நீதிமன்றக் குறிப்பில் ஏறிவிட்டால் அடுத்து வரும் நடுவரும் அதிலிருந்துதான் தொடங்குவார். அண்ணா, ஒவ்வொரு வாய்தாவின் உத்தரவுக்கும் நகல் மனுப் போட்டு வாங்கி வையுங்கள். நாளை சென்னைக்குப் போக நேர்ந்தால், நடுவர் கேட்டும் நகரவில்லை என்பதற்கு அதைவிட நல்ல சான்று கிடையாது. விசாரணை அதிகாரியை மாற்ற வேண்டும், மாவட்டக் குற்றப்பிரிவுக்கு அனுப்ப வேண்டும் என்று கேட்கவும் அது பயன்படும்.

இந்த இழையை ஊர்க்காரர்கள் பலர் படிப்பதால் வேறொரு கோணத்தையும் சொல்லிவிடுகிறேன். கிராமத்தில் வரப்புத் தகராறு, வாய்க்கால் தகராறு என்றால் அசிங்கமாகத் திட்டியது, அடித்தது, மிரட்டியது என்று 294(பி), 323, 506(1) மூன்றைச் சேர்த்து வழக்குப் போடுவார்கள். புதிய சட்டத்தில் எண்கள் மாறினாலும் சங்கதி அதேதான். இந்த மாதிரிச் சிறிய குற்றங்களுக்குக் காலவரம்பு உண்டு. ஓராண்டு வரை தண்டனை உள்ள குற்றம் என்றால் ஓராண்டு, மூன்றாண்டு வரை என்றால் மூன்றாண்டு. பல பிரிவுகள் சேர்ந்திருந்தால் அவற்றில் கடுமையானதற்கு உள்ள வரம்பு. இறுதி அறிக்கை அதைத் தாண்டி வந்தால், அடுத்த கட்சி வக்கீல் முதல் வேலையாக அந்தத் தேதியைத்தான் பிடிப்பார். 420-க்கு ஏழாண்டு வரை தண்டனை என்பதால் நொய்யல்கரை அண்ணாவுக்கு அந்தக் கவலை இல்லை. அடிதடி வழக்கில் காத்திருப்பவர்கள் நாள்காட்டியைப் பார்த்துக்கொள்ளுங்கள். "வரும், வரும்" என்று நிலையத்தில் சொல்வதை நம்பி மூன்றாண்டு கழித்து என்னிடம் வருபவர்களுக்கு நான் சொல்லக்கூடியது அதிகமில்லை.

2024 ஜூலைக்குப் பிறகு பதிவான வழக்கு என்றால் இன்னொரு பிடியும் இருக்கிறது. விசாரணை எந்த அளவில் இருக்கிறது என்று 90 நாட்களுக்குள் புகார்தாரருக்கோ பாதிக்கப்பட்டவருக்கோ காவல் துறை தெரிவிக்க வேண்டும். புதிய சட்டத்தின் 193-ஆம் பிரிவு. கேட்காமல் யாரும் தெரிவிப்பதில்லை. 91-ஆம் நாள் பதிவுத் தபாலில் ஒரு கடிதம் போட்டு, ஒப்புகை அட்டையைப் பத்திரப்படுத்துங்கள். நடுவர் முன் அந்த அட்டை பேசும்.

காவிரி மறுகரை (வேலாயுதம்பாளையம்)

புதன்கிழமை எஸ்.பி. அலுவலகத்தில் மனுக் கொடுத்தால் பயனில்லையா?

முன்னாள் காக்கி (கோபி)

கொடுக்கலாம். அந்த மனு சுற்றிச் சுற்றி அதே நிலையத்துக்குத்தான் வரும். ஆனால் முதல் தகவல் அறிக்கையே பதியாத நிலையில் நடுவரிடம் போவதற்கு முன் எஸ்.பி.க்கு எழுதியிருக்க வேண்டும். 2015-ல் பிரியங்கா ஸ்ரீவாஸ்தவா வழக்குக்குப் பிறகு அதையும் பிரமாணப் பத்திரத்தையும் கேட்கிறார்கள். ஆகவே ரசீதை விட்டுவிட வேண்டாம்.

தோட்டத்துச் சாளை (காங்கயம்)

இன்று ஒரு காவலர் வீட்டுக்கு வந்து ஆர்.சி.எஸ். நோட்டீஸ் என்று ஒரு தாளைக் கொடுத்தார். "எதிரிகளைக் கண்டுபிடிக்க இயலவில்லை, மேல்நடவடிக்கை நிறுத்தப்படுகிறது" என்று இருக்கிறது. கையெழுத்துப் போட்டால் வழக்கு முடிந்துவிடும் என்று பயந்து அம்மா வாங்க மறுத்துவிட்டார். நாளை மறுபடி வருவதாகச் சொல்லியிருக்கிறார். வாங்கலாமா?

கறுப்பு அங்கி (ஈரோடு)

வாங்குங்கள், அம்மணி. கட்டாயம் வாங்குங்கள். மறுத்தால் "வாங்க மறுத்தார்" என்று எழுதிவிட்டுப் போய்விடுவார்கள். கையெழுத்து, தாளைப் பெற்றுக்கொண்டதற்குத்தான், சம்மதத்திற்கு அல்ல. அம்மா கையெழுத்துக்கு மேலே அன்றைய தேதியும் "ஆட்சேபம் உண்டு" என்ற இரண்டு சொல்லும் எழுதட்டும். உங்களிடம் உள்ள தாளைப் படம் எடுத்துக்கொள்ளுங்கள்.

1985-ல் பகவந்த் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இது: வழக்கைக் கைவிடும் அறிக்கையை ஏற்பதற்கு முன் புகார்தாரருக்கு நோட்டீஸ் கொடுத்து, அவர் சொல்வதை நடுவர் கேட்டாக வேண்டும். ஆகவே வழக்கு இன்னும் முடியவில்லை. நீங்கள் ஆட்சேப மனுப் போட வேண்டும். அதில் முன்னாள் காக்கி ஐயா சொன்ன கோபுர விவரம், கேமராப் பதிவு, பல்லடம், சிவகிரி வழக்குகளில் பிடிபட்டவர்களின் கைரேகையோடு உங்கள் வீட்டில் எடுத்த கைரேகை ஒப்பிடப்பட்டதா என்ற கேள்வி, இந்த மூன்றையும் எழுதி மேல்விசாரணை கேளுங்கள். நடுவர் அதற்கு உத்தரவிட முடியும்.

தாள் கைக்கு வந்ததும் எந்த நடுவர் நீதிமன்றம் என்று அதன் தலைப்பில் பார்த்து எனக்குத் தனிமடலில் அனுப்புங்கள். அங்கே எனக்குத் தெரிந்த இளம் வழக்கறிஞர் ஒருவர் இருக்கிறார், கட்டணத்தைப் பற்றிப் பிறகு பேசிக்கொள்ளலாம். வழக்கறிஞர் வைக்க வசதியில்லை என்றாலும் வட்டச் சட்டப் பணிகள் குழு நீதிமன்ற வளாகத்திலேயே இருக்கும். பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவசமாக வழக்கறிஞர் தருவார்கள். அம்மாவின் பெயரிலேயே மனுப் போடுங்கள்.